மிஞ்சியது 30 டாலர்

அன்புள்ள வக்கீலம்மாவுக்கு,

எட்டு மாதமாகக் கடிதமும் இல்லை, போனும் இல்லை. கோபப்பட்டிருப்பாய். படு. ஆனால் தினமும் நீ அனுப்பும் காலை வணக்கப் பூக்களுக்குப் பதில் போடாததற்கு மட்டும் மன்னிப்புக் கேட்க மாட்டேன். முதலில் அந்தப் பூக்களை நிறுத்து. இங்கே எல்லோரும் நலம். இவருக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது, வாய்தான் இல்லை. உன் முழங்கால் எப்படி இருக்கிறது? நெட்டைச்சி வீட்டு விசேஷத்துக்குப் போனாயா? மூக்குத்தி விவகாரம் மறுபடி கிளம்பியதா? அதை மட்டும் விவரமாக எழுது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். போனிலேயே சொல்லியிருக்கலாம். நான் பாதி சொல்வதற்குள் நீ சிரிக்க ஆரம்பித்துவிடுவாய். கடிதத்தில் உன்னால் குறுக்கே பேச முடியாதே, அதனால்தான் எழுதுகிறேன்.

ரிட்டயர் ஆனதிலிருந்து ஜனவரி கடைசி முதல் ஏப்ரல் 15 வரை சனிக்கிழமைதோறும் ஒரு நூலகத்தில் உட்கார்ந்து வரிப் படிவம் நிரப்பிக் கொடுக்கிறேன் என்று சொல்லியிருந்தேன் அல்லவா? அமெரிக்க வருமான வரித் துறை நடத்தும் திட்டம், வீட்டா என்று பெயர். குறைந்த வருமானக்காரர்களுக்கு இலவசம். எங்களுக்குப் பயிற்சி உண்டு, பரீட்சை உண்டு. இந்த வயதில் பரீட்சை எழுதினேன் என்று ஒரு மாதம் பீற்றிக்கொண்டிருந்தேன். அந்தப் பீற்றலுக்குத்தான் இப்போது அனுபவிக்கிறேன்.

போன வருஷம் மார்ச்சில் ஒரு பெண் வந்தாள். பெயர் சொல்லக் கூடாது, அது எங்கள் விதி. தனியாக இரண்டு பிள்ளைகளை வளர்க்கிறாள், ஒன்றுக்கு ஆறு வயது, இன்னொன்றுக்கு மூன்று. முதியோர் இல்லம் ஒன்றில் உதவியாளர் வேலை. மணிக்கு 15 டாலர், வாரத்துக்கு 35 மணி நேரம். படிவம் முடிந்து கையெழுத்துப் போட்ட பிறகு, எழுந்து போகாமல் தயங்கித் தயங்கி ஒரு கேள்வி கேட்டாள். "எனக்குச் சம்பள உயர்வோடு ஒரு பதவி தருகிறேன் என்கிறார்கள். வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தால் ஏதாவது தப்பா?"

உன் சிநேகிதி என்ன சொல்லியிருப்பாள் என்று உனக்குத் தெரியாதா? கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு, நம் வார்டன் அம்மாள் குரலில், உயர்வு வருகிறபோது வேண்டாம் என்று சொல்லக் கூடாது, முன்னேறுகிற வழி அதுதான், தைரியமாக எடுத்துக்கொள் என்று பத்து நிமிஷம் பேசினேன். அவள் தலையாட்டிவிட்டுப் போனாள். அன்று இரவு இவரிடம், ஒரு பெண்ணுக்கு நல்ல புத்தி சொன்னேன் என்று வேறு சொன்னேன்.

இந்தப் பிப்ரவரியில் மறுபடி வந்தாள். பக்கத்து மேஜை காலியாக இருந்தும், காத்திருந்து என் மேஜைக்கே வந்து உட்கார்ந்தாள். கோபமே இல்லை. திட்டியிருந்தால் நன்றாகத் தூங்கியிருப்பேன்.

நடந்தது இது. மணிக்கு 15 என்பது 17.50 ஆயிற்று. மாதம் ஏறக்குறைய 380 டாலர் கூடுதல். என் படிவத்தில் தெரிந்தது அவ்வளவுதான். வீட்டுக்கு வந்து பழைய நோட்டை எடுத்து நானே உட்கார்ந்து கணக்குப் போட்டேன். ஓய்வூதியத்துக்கும் முதுமைக்கால மருத்துவத்துக்கும் என்று சம்பளத்தில் பிடிக்கும் சோஷியல் செக்யூரிட்டி, மெடிகேர் வரி 7.65 சதவீதம், அதில் 29 போயிற்று. உழைத்துச் சம்பாதிக்கும் ஏழைக் குடும்பத்துக்கு வரித் துறை கொடுக்கும் ஊக்கத்தொகை ஒன்று இருக்கிறது. வருமானம் ஓர் அளவைத் தாண்டினால், இரண்டு பிள்ளைகள் இருக்கும் வீட்டுக்கு டாலருக்கு 21 சென்ட் வீதம் அது குறையும். மாதத்துக்குப் பிரித்தால் 80. உணவு உதவி அட்டையில் ஏறக்குறைய 91 குறைந்தது. சின்னவனுடைய காப்பகக் கட்டணத்தில் அரசு கொடுக்கும் பங்கு குறைந்து, அவள் கட்ட வேண்டியது 150 கூடிற்று. எல்லாம் போக மிஞ்சியது 30 டாலர். ஒரு மணி நேரத்துக்கு எவ்வளவு என்று வகுத்துப் பார், இருபது சென்ட் வரும்.

அத்தோடும் நிற்கவில்லை. புதிய பதவியில் மாலை ஏழு மணி வரை இருக்க வேண்டும். காப்பகம் ஆறு மணிக்கு மூடிவிடும். தாமதமானால் நிமிஷத்துக்கு ஒரு டாலர் அபராதம். முதலில் பக்கத்து வீட்டுக்காரி பிள்ளையைக் கூட்டி வந்தாள், பிறகு அவளுக்கும் வேலை நேரம் மாறிற்று. சின்னவனுக்கு இரண்டு தடவை காய்ச்சல். நவம்பரில் இவள் பதவியை விட்டுவிட்டாள். பழைய இடத்தில் அதற்குள் வேறு ஆள் வந்தாயிற்று. இப்போது கிடைப்பது வாரத்துக்கு 22 மணி நேரம். என் நல்ல புத்தியால் முன்பு இருந்ததைவிடக் கீழே போய்விட்டாள்.

இதை இவரிடம் சொன்னேன். "அவள் விதி" என்று சொல்லிவிட்டு டிவியைப் போட்டார். விதி இல்லை, வகுத்தல் என்று கத்தினேன்.

இனிமேல்தான் உனக்குக் கொண்டாட்டம். 1996 ஆகஸ்டில் நான் எழுதிய கடிதம் நினைவிருக்கிறதா? இந்த ஊருக்கு வந்து அப்போது ஒரு வருஷம்கூட ஆகவில்லை. ஆகஸ்ட் 22 அன்று அதிபர் கிளிண்டன், ஏழைக் குடும்பங்களுக்கான அரசுப் பண உதவியை வேலையோடு கட்டிப்போடும் புதிய சட்டத்தில் கையெழுத்துப் போடுவதை டிவியில் பார்த்துவிட்டு, சும்மா உட்கார வைத்துச் சோறு போடுகிற காலம் முடிந்தது, இனிமேல் எல்லோரும் உழைப்பார்கள் என்று மூன்று பக்கம் எழுதினேன். நீ ஒரே வரியில் பதில் போட்டாய். "உட்கார்ந்திருக்கிறவளை நீ பார்த்தாயா?" அந்த வரிக்காகத்தான் நான் உன்னோடு ஆறு மாதம் பேசவில்லை, தபால் தாமதத்தால் அல்ல. இப்போது ஒப்புக்கொள்கிறேன்.

நான் பார்க்கவில்லை. பார்க்காமலே எழுதினேன்.

இந்த இரண்டு மாதமாக அந்தச் சட்டத்தைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்துக்கொண்டிருக்கிறேன். ஏழைக் குடும்பங்களுக்கான இந்தப் பண உதவி 1935இல் ஆரம்பித்தது, தெரியுமா? கணவனை இழந்த தாய் வேலைக்குப் போகாமல் வீட்டிலிருந்து பிள்ளைகளை வளர்க்கட்டும் என்பதுதான் அப்போதைய யோசனை. அறுபது வருஷத்தில் யோசனை தலைகீழாயிற்று. நடுவில் 1967இல் ஒரு நல்ல காரியம் செய்தார்கள். வேலைக்குப் போகிறவளுடைய சம்பளத்தில் முதல் 30 டாலரையும் மீதியில் மூன்றில் ஒரு பங்கையும் உதவித் தொகைக் கணக்கில் சேர்க்காமல் விட்டார்கள். 1981இல் ரீகன் ஆட்சியில் அந்த மூன்றில் ஒரு பங்குச் சலுகையை நாலு மாதத்துக்குள் சுருக்கினார்கள். அதற்குப் பிறகு ஒரு டாலர் சம்பாதித்தால் உதவியில் ஏறக்குறைய ஒரு டாலர் போகும். இப்படி வைத்துவிட்டு, இவர்கள் வேலைக்குப் போக மாட்டேன் என்கிறார்கள் என்று பதினைந்து வருஷம் திட்டினார்கள். நானும் கூடச் சேர்ந்து திட்டினேனே, அதைச் சொல்.

1996 சட்டம் வந்த பிறகு, மத்திய அரசுப் பணத்தில் ஆயுளுக்கே மொத்தம் ஐந்து வருஷம்தான் உதவி. வாரத்துக்கு 30 மணி நேரம், ஆறு வயதுக்குக் கீழ் பிள்ளை இருக்கிற தனித்தாய்க்கு 20 மணி நேரம், வேலையோ வேலைக்கான முயற்சியோ காட்ட வேண்டும். மாநிலங்களுக்கு மொத்தமாக வருஷம் 16.5 பில்லியன் டாலர் கொடுத்தார்கள். விலைவாசிக்குத் தகுந்தபடி அது ஏறவில்லை. எத்தனை பேர் ஏழை என்பதைப் பொறுத்தும் ஏறாது. சட்டத்தை எதிர்த்து பீட்டர் எடெல்மன் என்ற பெரிய அதிகாரி கிளிண்டன் அரசிலிருந்தே ராஜினாமா செய்தார். அன்றைக்கு அவரைப் பிழைக்கத் தெரியாதவர் என்று நினைத்தேன்.

ஆனால் வக்கீலம்மா, நீயும் முழுக்க ஜெயித்துவிட்டதாக நினைத்துக்கொள்ளாதே. 1994இல் ஐம்பது லட்சம் குடும்பங்கள் உதவி வாங்கின. 2000 ஆண்டுவாக்கில் அது பாதிக்கும் கீழே இறங்கிற்று. அந்த வருஷங்களில் தனித்தாய்கள் நிஜமாகவே கூட்டம் கூட்டமாக வேலைக்குப் போனார்கள். அப்போது ஊரெல்லாம் வேலை இருந்தது. நான் சொன்ன ஊக்கத்தொகையை 1993இல் நன்றாக உயர்த்தியிருந்தார்கள். சட்டம் துரத்தியதால் எத்தனை பேர் போனார்கள், வேலையும் ஊக்கத்தொகையும் இழுத்ததால் எத்தனை பேர் போனார்கள் என்று இன்றுவரை சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார்கள். எனக்குப் புரிந்தவரை இழுத்ததற்குப் பங்கு அதிகம். நல்ல காலம் போன பிறகும் உதவி திரும்பி வரவில்லை என்பதுதான் கொடுமை. 1996இல் நூறு ஏழைக் குடும்பங்களில் 68 குடும்பங்களுக்குக் கிடைத்தது, 2020இல் 21 குடும்பங்களுக்குத்தான் கிடைத்தது. வாங்குகிறவர் எண்ணிக்கை குறைந்ததை நான் வெற்றி என்று எண்ணிக்கொண்டிருந்திருக்கிறேன். ஆஸ்பத்திரிக் கதவைச் சாத்திவிட்டு நோயாளிகள் குறைந்துவிட்டார்கள் என்று சொன்ன மாதிரி.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இந்தப் பெண்ணுக்கு வேலை பிடித்திருக்கிறது. அவள் கவனித்துக்கொள்ளும் ஒரு பெரியவருக்கு எல்லாம் மறந்துவிட்டது. ஆனால் இவள் சாப்பாடு ஊட்டினால் மட்டும் வாயைத் திறப்பாராம். அதைச் சொல்லும்போது அவள் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும். பணத்தைக் கையில் கொடுத்தால் போதும், வேலை எதற்கு என்று நீ ஹாஸ்டல் மாடியில் பேசுவாயே, அதை அவளிடம் சொன்னால் உன்னை ஒரு மாதிரி பார்ப்பாள். அவள் கேட்டது வேலையே வேண்டாம் என்று அல்ல. உயர்வு வந்தால் தாங்க முடியுமா என்றுதான் கேட்டாள். அந்தக் கேள்விகூட என் காதில் விழவில்லை.

செய்ய முடியாத காரியமும் இல்லை, அதுதான் எனக்கு எரிகிறது. மினசோட்டா மாநிலத்தில் 1994இல் ஏழு மாவட்டங்களில் செய்து பார்த்திருக்கிறார்கள். வேலைக்குப் போனாலும் உதவியை உடனே வெட்டாமல், வறுமைக் கோட்டைவிட 40 சதவீதம் மேலே வரும்வரை கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்தார்கள். நெடுநாள் உதவியில் இருந்த தாய்மார்கள் அதிகமாக வேலைக்குப் போனார்கள், வறுமையும் குறைந்தது. இரண்டும் சேர்ந்து நடப்பது அபூர்வமாம். செலவு கூடிற்று, அதையும் மறைக்காமல் எழுதியிருக்கிறார்கள். மாநிலம் முழுக்கக் கொண்டுபோனபோது அந்த 40ஐ 20 ஆக்கிவிட்டார்கள். நல்ல குழம்பில் தண்ணீரை ஊற்றிப் பந்தி பரிமாறுகிறவர்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள்.

உன் கட்சிக்கும் ஒரு வரி எழுதிவிடுகிறேன், இல்லாவிட்டால் பேச மாட்டாய். 2021இல் ஆறு மாதம், வேலை இருக்கிறதா என்று கேட்காமலே பிள்ளைக்கு இவ்வளவு என்று மாதாமாதம் பணம் அனுப்பினார்கள். அந்த வருஷம் உதவிகளையும் சேர்த்துக் கணக்கிட்ட குழந்தை வறுமை 5.2 சதவீதம். நிறுத்திய பிறகு அடுத்த வருஷம் 12.4. சிரி, சிரி. ஏழு கடல் தாண்டிக் கேட்கிறது.

இப்போது என்னிடம் தனி நோட்டு ஒன்று இருக்கிறது. பத்திகள் போட்டு, சம்பளம் ஏறினால் எது எது எவ்வளவு இறங்கும் என்று வருகிறவர்களுக்கு எழுதிக் காட்டுகிறேன். அது நம் வேலை இல்லை என்று எங்கள் பொறுப்பாளர் இரண்டு தடவை சொல்லிவிட்டார். நியாயம்தான், எனக்கு அதற்குப் பயிற்சியும் இல்லை, தப்பாகச் சொன்னால் மறுபடி யாராவது விழுவார்கள். அதனால் படிவ வேலை முடிந்த பிறகு, வாசலில் இருக்கும் பெஞ்சில் உட்கார்ந்து சொல்கிறேன். முடிவு அவர்களுடையது. நான் கணக்கு மட்டும்தான். வார்டன் குரல் இல்லை.

அவள் வருகிற சனிக்கிழமை பத்து மணிக்கு மறுபடி வருகிறாள். ஒரு கிளினிக்கில் பகல் நேர வேலை வந்திருக்கிறதாம். மணிக்கு 16 டாலர், வாரத்துக்கு 30 மணி நேரம். நேற்று ராத்திரி மூன்று தடவை போட்டுப் பார்த்துவிட்டேன். அரசின் காப்பகப் பங்கு ஒரு தடவை கிடைக்கிறது, ஒரு தடவை கிடைக்கவில்லை. நம் செட்டில் கூட்டல் தப்பில்லாமல் போடுகிற ஒரே ஆள் நீதான். கணக்கைப் போட்டோ எடுத்து அனுப்புகிறேன், வெள்ளிக்கிழமைக்குள் சரிபார்த்து அனுப்பு. பூ வேண்டாம்.

அப்புறம், அந்த 1996 கடிதத்தைக் கிழித்துவிடாதே. நீ வைத்திருப்பாய் என்று எனக்குத் தெரியும். எனக்கு ஒரு ஜெராக்ஸ் வேண்டும்.

உன்,
கஞ்சப்பிசினாரி