ஆல்டர்நேட்டிவா ஒரு பாரா போடுங்க, சார்

சென்னை கோர்ட்டுகளில் கிரிமினல் அப்பீல் போடும் ஜூனியர் வக்கீல்களுக்கு,

வணக்கம் சார், வணக்கம் மேடம். நான் வக்கீல் குமாஸ்தா. சட்டம் படித்தவனில்லை. ஆனால் நீங்கள் சொல்லச் சொல்ல டைப் ஆகும் அப்பீல் மெமோவை முதலில் படிப்பவனும், நம்பர் ஆகாமல் திரும்பி வந்தால் சரிசெய்து மறுபடி கொண்டுபோய்ப் போடுபவனும் நான்தான். அந்த உரிமையில் எழுதுகிறேன்.

கிரவுண்ட்ஸில், அதாவது அப்பீலுக்கான காரணங்களில், பதினைந்து பாரா இருக்கும். மகஜரில் (போலீஸ் பறிமுதல் பட்டியலில்) கையெழுத்துப் போட்ட சாட்சி போலீசுக்கு வேண்டியவர், அடையாள அணிவகுப்பு நடத்தவில்லை, முதல் தகவல் அறிக்கை தாமதம். குற்றம் நிரூபணமானாலும் ஜெயிலுக்கு அனுப்பாமல் நன்னடத்தைப் பாண்டு எழுதி வாங்கி விட வழி செய்யும் 1958-ஆம் வருஷத்து நன்னடத்தைச் சட்டத்தைப் பற்றி மட்டும் ஒரு வரி இருக்காது. கேட்டால், "அதைப் போட்டா குத்தத்தை ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்பா" என்பீர்கள். குற்றவாளியா இல்லையா என்பது ஒரு கேள்வி, என்ன தண்டனை என்பது வேறு கேள்வி. விடுதலை கேளுங்கள், அது கிடைக்காவிட்டால் இது என்று அடுத்த பாராவில் கேளுங்கள். சிவில் வழக்கில் மாற்றுப் பரிகாரம் கேட்க நீங்கள் கூச்சப்படுவதே இல்லையே!

எங்கள் ஆபீசில் நடந்ததைச் சொல்கிறேன். செல்போன் திருட்டு வழக்கு. பையன் மேல் வேறு கேஸ் கிடையாது. மாஜிஸ்திரேட் தீர்ப்புச் சொன்னபோது அவனுக்கு 20 வயது. அப்பீல் வாதத்துக்கு வந்தபோது 23. புதுப்பேட்டையில் மெக்கானிக் வேலை, கைக்குழந்தை. "இருபத்தொண்ணு தாண்டிடுச்சு, இனி அந்தச் சட்டம் பொருந்தாது" என்று சீனியர் விட்டுவிட்டார். அப்பீல் தள்ளுபடி. புழல் ஜெயிலில் மனு போட்டுப் பார்ப்பது எப்படி என்று அவன் மனைவி என்னிடம்தான் வந்து கேட்டாள்.

பிறகுதான் ஒரு ஜூனியர் மேடம் ஏ.ஐ.ஆர். 1963 தீர்ப்புத் தொகுப்பை எடுத்து சுப்ரீம் கோர்ட்டின் ராம்ஜி மிஸ்ஸர் வழக்கைக் காட்டினார். நன்னடத்தைச் சட்டத்தின் 6-ஆம் பிரிவுக்குப் பார்க்க வேண்டியது விசாரணை கோர்ட் தீர்ப்புச் சொன்ன நாளில் இருந்த வயதைத்தான். அந்தப் பிரிவில் 21-க்குக் கீழ் என்றால், ஆயுள் தண்டனை வரை போகாத குற்றங்களில், சிறைக்கு அனுப்பக் காரணம் எழுதியாக வேண்டும். வயது தாண்டியவர்களுக்கும் 4-ஆம் பிரிவு இருக்கிறது. மூன்று வருஷத்துக்கு மிகாமல் பாண்டு. 11-ஆம் பிரிவு இதே அதிகாரத்தை அப்பீல், ரிவிஷன் கோர்ட்டுகளுக்கும் தருகிறது. கீழ்க்கோர்ட்டில் கேட்கவில்லையே என்பவர்களுக்கு ஏ.ஐ.ஆர். 1965-ல் வெளியான ரத்தன் லால் தீர்ப்பு இருக்கிறது. அதில் பையனுக்கு வயது 16, கீழ்க்கோர்ட்டுகளில் யாரும் இதை எழுப்பவே இல்லை. இத்தனைக்கும் மதராஸ் மாகாணம் 1936-லேயே இதற்குத் தனிச் சட்டம் போட்ட ஊர், சார்.

பறிகொடுத்தவர் கதி என்ன என்று நீதிபதி கேட்டால் 5-ஆம் பிரிவில் இழப்பீடு உண்டு. அரசுத் தரப்பு வக்கீல் வாயும் பாதி அடங்கும்.

நடைமுறையில் சறுக்குவது விலாசத்தில். பாண்டுக்கு அவனுக்கோ ஜாமீன்தாரருக்கோ நிலையான இருப்பிடமோ தொழிலோ வேண்டும். சார்ஜ் ஷீட்டில் இருப்பது கூவம் கரைக் குடிசை. குடும்பம் இப்போது பெரும்பாக்கம் மறுகுடியேற்றக் குடியிருப்பில் எட்டாவது மாடியில். கோர்ட்டுக்கு அறிக்கை தரும் நன்னடத்தை அலுவலர் பழைய விலாசத்துக்குப் போனால் வெறும் தரைதான் கிடைக்கும். அறிக்கையைக் கடைசி வாய்தாவில் கேட்டால் யார் எப்போது போய் எழுதுவது? தண்டனை நிறுத்தி வைக்கும் மனு போடும்போதே புது விலாசத்தோடு கேட்டு வையுங்கள்.

அந்தப் பாராவை மேடம் சொல்லச் சொல்ல டைப் அடித்து வைத்திருக்கிறேன். யார் கேட்டாலும் தருகிறேன். வயதுக்கு ஸ்கூல் டிசியை மட்டும் பார்ட்டியிடம் இப்போதே வாங்கிவிடுங்கள்; மழைக்காலம் வந்தால் அதுவும் தண்ணீரில் போய்விடும்.

இப்படிக்கு,
ஒரு வக்கீல் குமாஸ்தா