ஷை என்று எழுதாதீர்கள், பெயரையே எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்கள் நாளிதழின் உள்பக்கங்களில் வக்கீல்கள் கொடுக்கும் பொது அறிவிப்புகள் அடிக்கடி வருகின்றன. மூலப் பத்திரம் தொலைந்துவிட்டது, இன்னாரிடமிருந்து என் கட்சிக்காரர் இந்த நிலத்தை வாங்கப் போகிறார், ஆட்சேபணை உள்ளவர்கள் இத்தனை நாளுக்குள் தெரிவிக்கவும் என்று போகும். நான் அவற்றை விடாமல் படிப்பவன். அவற்றில் பலவற்றில் 'ஷை சொத்தில்', 'ஷை கிராமத்தில்', 'ஷையார் வாரிசுகள்' என்று இருக்கிறது. யாருக்கு அந்த நிலத்தில் உரிமை இருக்கிறதோ அவர் படித்துவிட்டு ஓடி வரவேண்டும் என்பதற்காகத்தானே காசு கொடுத்து அறிவிப்பு போடுகிறார்கள்? அவரே படித்தாலும் புரியாத சுருக்கெழுத்தை அதில் வைத்தால் அப்புறம் அறிவிப்பு எதற்கு? இதைப் பற்றிக் கொஞ்சம் நீளமாகவே எழுத வேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஷை என்றால் மேற்படி. அவ்வளவுதான். ஷ இருப்பதால் இது ஏதோ வடமொழிச் சொல் என்று நினைப்பவர்கள் நிறையப் பேர். படித்தவர்களே அப்படிச் சொல்லிக் கேட்டிருக்கிறேன். அது சொல்லே இல்லை, ஒரு குறி. கணக்குப்பிள்ளைகளும் பத்திரம் எழுதியவர்களும் மேற்படி என்று முழுதாக எழுதாமல் ஒரே இழுப்பில் போட்ட குறி, ௸ என்று இருக்கும். பார்ப்பதற்கு ஷை மாதிரியே இருப்பதால் அச்சுக் கோத்தவர்களும் தட்டச்சு செய்தவர்களும் ஷை என்ற எழுத்தையே அந்த இடத்தில் போட்டார்கள். அதைப் படித்தவர்கள் ஷை என்றே வாயால் சொல்ல ஆரம்பித்தார்கள். இப்போது பத்திர ஆபீஸ் வாசலில் போய் நின்றால் 'ஷை நெம்பர்', 'ஷையூர்' என்று பேச்சிலேயே காதில் விழும்.

இதே கதிதான் மற்ற குறிகளுக்கும். பழைய கல்யாணப் பத்திரிகையிலோ நூறு வருஷத்துக்கு முந்தைய புத்தகத்தின் முகப்பிலோ 'பிரமாதி ளு சித்திரை மீ 12 உ' என்று அச்சாகியிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அந்த ளு, வருஷத்தைக் குறிக்கும் ௵. மீ என்பது மாதத்துக்கான ௴. உ என்பது தேதிக்கான ௳. அதைப் பிள்ளையார் சுழி என்று நினைத்துக்கொள்கிறவர்களும் உண்டு. ளுவும் மீயும் இன்று வழக்கொழிந்துவிட்டன, யாருக்கும் அதனால் நஷ்டமில்லை. ஷை மட்டும் போகவில்லை, ஏனென்றால் அது குடியிருப்பது நிலப் பத்திரத்தில். நிலப் பத்திரத்தை யாரும் புதிதாக யோசித்து எழுதுவதில்லை, முந்தைய பத்திரத்தைப் பார்த்துத்தான் அடுத்த பத்திரம் எழுதப்படுகிறது.

அந்தக் காலத்தில் ஷை போட்டதற்குத் தக்க காரணம் இருந்தது, அதை மறுக்கவே முடியாது. முத்திரைத்தாளில் இடம் கொஞ்சம். எழுதுவது கையால். பதிவுக்குப் போனால் சார்பதிவாளர் அலுவலகத்தில் அந்தப் பத்திரத்தை எழுத்து விடாமல் 1 புத்தகத்தில், அதாவது அசையாச் சொத்துப் பத்திரங்களுக்கான பதிவேட்டில், மறுபடி கையால் நகல் எடுக்க வேண்டியிருந்தது. ஊர் பெயர், தாலுகா பெயர், தகப்பனார் பெயர் என்று ஒரே பத்திரத்தில் இருபது தடவை வருகிறதை எல்லாம் முழுதாக எழுதிக்கொண்டிருந்தால் கை ஓய்ந்துவிடும். எழுதுகிறவர், நகல் எடுப்பவர், படிப்பவர் எல்லாருக்கும் குறி தெரியும். 'ஷை தாலுகா ஷை கிராமம் ஷை தெருவிலிருக்கும் ஷையார் குமாரர்' என்று நான்கு ஷை வரிசையாக வந்தாலும் அவர்கள் தடுமாறவில்லை.

இன்றைக்குத் தடுமாறுகிறோம். அதற்குக் காரணம் குறி தெரியாமல் போனது மட்டும் இல்லை, அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதமே. ஷை என்பது நீட்டிய விரல் மாதிரி, தானாக எதையும் சொல்லாது, மேலே இருக்கும் ஒன்றைக் காட்டும். காட்டப்படுகிற பொருள் மாறிவிட்டால் அல்லது காணாமல் போய்விட்டால் விரல் வேறு எதையோ காட்டிக்கொண்டு நிற்கும். பத்திரம் ஒரே இடத்தில் இருக்கிறவரை சிக்கல் இல்லை. அதிலிருந்து ஒரு பகுதியைப் பெயர்த்து வேறொரு பத்திரத்தில் வைக்கும்போதுதான் வினை.

ஒரு உதாரணம் சொல்கிறேன். தகப்பனார் வாங்கிய பழைய கிரயப் பத்திரம் இருக்கிறது. அதன் சொத்து விவரத்தில் 'ஷை கிராமம் ச.எண் 114/2' என்று இருக்கிறது. ச.எண் என்பது சர்வே எண், அதாவது புல எண். அந்தப் பத்திரத்தில் மேலே சொன்ன கிராமம் நிலம் இருக்கும் கிராமமேதான், விற்றவரும் அங்கேதான் இருந்தார், எனவே சரி. இப்போது மகன் விற்கிறார். மகன் குடியிருப்பது பக்கத்து ஊரில். புதுப் பத்திரத்தின் தொடக்கத்தில் மகனின் ஊரை எழுதி, கீழே பழைய சொத்து விவரத்தை அப்படியே ஒட்டுகிறார்கள், ஷையும் சேர்ந்தே வருகிறது. இப்போது அந்த ஷை எந்த ஊரைக் காட்டுகிறது? எழுத்தின்படி மகனின் ஊரை. அந்த ஊரிலும் 114/2 என்று ஒரு புல எண் இருக்கலாம், அது வேறு யாருடைய நிலமோ. கையால் எழுதிய காலத்தில் நகல் எடுப்பவர் ஒவ்வொரு சொல்லையும் எழுதும்போது இது கண்ணில் பட வாய்ப்பு இருந்தது. கணினியில் மொத்தமாக எடுத்து ஒட்டும்போது யார் பார்க்கிறார்கள்?

எல்லை சொல்லும் இடத்தில் இது இன்னும் மோசம். 'ராமசாமி நிலத்துக்கு வடக்கு, வாய்க்காலுக்குத் தெற்கு, ஷையார் நிலத்துக்குக் கிழக்கு' என்று ஒரு பத்திரம் இருந்தால், அந்த ஷையார் யார்? கடைசியாகப் பெயர் சொல்லப்பட்ட ராமசாமியா, இல்லை பத்திரத்தை எழுதிக் கொடுக்கிறவரா? இரண்டு விதமாகவும் எழுதும் வழக்கம் இருந்திருக்கிறது. ராமசாமி என்றால் மேற்கே இருப்பது அடுத்தவர் நிலம், எழுதிக் கொடுத்தவர் என்றால் அவர் தனக்கென்று வைத்துக்கொண்ட மீதி நிலம். பரப்பளவும் நான்கு எல்லையும் ஒன்றுக்கொன்று முரண்பட்டால் நீதிமன்றங்கள் பொதுவாக எல்லைக்குத்தான் கூடுதல் மதிப்பு கொடுக்கின்றன என்பது வழக்கு நடத்தியவர்களுக்குத் தெரியும். அப்படிப்பட்ட எல்லையை, எழுதியவரும் எழுதிக் கொடுத்தவரும் காலமான பிறகு, ஒரு ஷையை வைத்து முடிவு செய்ய வேண்டிய நிலை வருகிறது.

கிராமத்து நிலக் கணக்குகளான அடங்கல், சிட்டா போன்ற பழைய கைப்பிரதிப் பதிவேடுகளில் இன்னொரு விதம். கட்டம் கட்டமாக இருக்கும், முதல் கட்டத்தில் பெயர், அதற்குக் கீழே வரிசையாக ஷை, ஷை, ஷை. பக்கம் புரண்டதும் அடுத்த பக்கத்தின் முதல் கட்டத்திலும் ஷை. நகல் கேட்டுப் போகிறவருக்குத் தன் புல எண் இருக்கும் பக்கத்தின் நகல் மட்டும் கிடைக்கும். அதில் உரிமையாளர் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஷை. பெயர் இருக்கும் முந்தைய பக்கத்துக்குத் தனியாக மனுப் போட வேண்டும் என்று அவருக்கு யார் சொல்வது? எனக்குத் தெரிந்த ஒரு குடும்பத்தில் இப்படி ஒரு நகலை வைத்துக்கொண்டு, தாத்தா பெயரே அரசாங்கக் கணக்கில் இல்லை என்று முடிவு கட்டிப் பல மாதம் மனம் உடைந்து கிடந்தார்கள். பெயர் முந்தைய பக்கத்தின் அடியில் இருந்தது.

வெளியூரிலும் வெளிநாட்டிலும் இருக்கும் பிள்ளைகள் இன்று பூர்வீகப் பத்திரங்களைப் படம் எடுத்து அனுப்பிக் கேட்கிறார்கள், மொழிபெயர்க்கக் கொடுக்கிறார்கள். ஷையார் என்பதை ஒரு மனிதரின் பெயர் என்று எண்ணி ஆங்கிலத்தில் பெயராகவே எழுதிவைத்த மொழிபெயர்ப்பை நானே பார்த்திருக்கிறேன். வாரிசுப் பட்டியலில் இல்லாத ஒரு ஷையாரின் கையெழுத்து எங்கே என்று கேள்வி வந்தால் அந்தப் பிள்ளைகள் எங்கே போவார்கள்?

பழைய பத்திரத்தைப் படிக்க உட்காருகிறவர்களுக்கு அனுபவத்தில் தெரிந்ததைச் சொல்லிவைக்கிறேன். ஷைக்கு அடுத்து என்ன சொல் வருகிறது என்று முதலில் பாருங்கள். கிராமம், தாலுகா, ஊர் என்று வந்தால் மேலே கடைசியாகச் சொன்ன இடம். குமாரர், சம்சாரம், வாரிசு என்று வந்தால் கடைசியாகச் சொன்ன ஆள். நெம்பர், லக்கம் என்று வந்தால் புல எண்ணோ சொத்து விவரத்தின் வரிசை எண்ணோ, இரண்டில் எது என்று முன்வரியைப் பார்த்துத்தான் சொல்ல முடியும். 'ஷை கிணற்றில் பாதி பாத்தியம்' என்று வந்து, அதற்கு மேலே இரண்டு கிணறு சொல்லப்பட்டிருந்தால் உங்கள் யூகத்தை நம்பாதீர்கள். மூலப் பத்திரத்தின் சான்றிட்ட நகலை வாங்கி ஒப்பிடுங்கள். '1 புத்தகம், இத்தனாவது வால்யூம், இன்ன பக்கம், இன்ன வருஷத்திய இன்ன நெம்பர்' என்று பத்திரத்தின் கடைசியில் சார்பதிவாளர் எழுதியிருப்பது அதற்குத்தான் உதவும்.

சரி, இனிமேல் என்ன செய்யலாம் என்பதற்கு வருகிறேன். 1908ஆம் ஆண்டின் பதிவுச் சட்டம் 21ஆம் பிரிவு, அசையாச் சொத்தைப் பற்றிய ஆவணத்தில் அந்தச் சொத்தை அடையாளம் காணப் போதுமான விவரம் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் பதிவுக்கு ஏற்கக்கூடாது என்கிறது. ஊர் பெயருக்குப் பதில் ஷை இருப்பது எப்படிப் போதுமான விவரமாகும்? சொத்து விவரத்துக்குள் ஷை, மேற்படி இரண்டுமே வரக்கூடாது, மாவட்டம் முதல் புல எண் வரை ஒவ்வொரு சொத்துக்கும் முழுப் பெயராக எழுத வேண்டும் என்று பதிவுத்துறை ஒரு சுற்றறிக்கை போட்டால் போதும். சட்டத் திருத்தம் எதுவும் வேண்டாம். இன்று பத்திரம் கணினியில் தயாராகிறது, முழுப் பெயர் எழுதுவதால் யார் கையும் வலிக்காது, தாளும் அப்படி ஒன்றும் கூடாது.

தவறு நடந்த பிறகு சரிசெய்வது எவ்வளவு பாடு என்று பட்டவர்களுக்குத்தான் தெரியும். பிழைதிருத்தல் பத்திரம் போட விற்றவரும் வந்து கையெழுத்துப் போட வேண்டும். அவர் இறந்திருந்தால் வாரிசுகள் அத்தனை பேரும். ஒருவர் மறுத்தாலும், அல்லது மறுக்காமல் பணம் கேட்டாலும், உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போவதைத் தவிர வழியில்லை. ஒரு எழுத்துக்காக இத்தனையும்.

இந்தக் குறிகளை ஒழித்துக்கட்டச் சொல்கிறேன் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். ௸ மீது எனக்குப் பெரிய மதிப்பு உண்டு. நம் கணக்கர்கள் உருவாக்கிய எழுத்துமுறையின் பகுதி அது. கணினியில் எழுத்துகளுக்கு இடம் ஒதுக்கும் யூனிகோட் தரத்தின் 2003இல் வந்த 4.0 பதிப்பில் நாள், மாதம், வருடம், பற்று, வரவு, ரூபாய், எண் ஆகிய குறிகளோடு மேற்படிக்கும் இடம் கிடைத்தது. 2019இல் வந்த 12.0 பதிப்பில் இன்னும் 51 குறிகள் சேர்ந்தன. முந்திரி, காணி போன்ற பின்னங்கள், நஞ்சை, புஞ்சை, உப்பளம் ஆகியவற்றின் குறிகள், வகையறாவுக்கும் முதலியவுக்கும் உள்ள சுருக்கங்கள் எல்லாம் அதில் இருக்கின்றன. பழைய பத்திரத்தை உள்ளபடி படியெடுக்க வேண்டியவர்கள் ஷை என்று தட்டாமல் ௸ என்றே தட்டலாம், அதுதான் சரியும்கூட. படிப்பதற்குக் குறி தெரிந்திருக்க வேண்டும், புதிதாக எழுதும்போது அது வேண்டாம், இரண்டும் வேறு வேறு. பழைய குறிகளின் படமும் பொருளும் கொண்ட ஒரு பட்டியலைப் பதிவுத்துறை தன் இணையதளத்தில், சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பிக்கும் பக்கத்திலேயே வைத்தால் எத்தனையோ குடும்பங்களுக்கு உதவும். அலுவலகங்களில் இதைப் படிக்கத் தெரிந்த மூத்த ஊழியர்கள் ஓய்வு பெற்றுக்கொண்டே இருக்கிறார்கள், அவர்கள் இருக்கும்போதே தொகுத்துவிடுவது நல்லது.

உங்களிடம் கேட்பது இது. விளம்பரப் பிரிவில் பொது அறிவிப்புகளை வாங்கும்போது, அதில் ஷை என்று இருந்தால் கொடுத்தவரிடமே கேட்டு அந்த இடத்தில் ஊரையோ ஆளையோ புல எண்ணையோ முழுதாகப் போடச் சொல்லுங்கள். நீங்களாக மாற்றினால் பொறுப்பு உங்கள் தலையில் வரும், ஆகவே கொடுப்பவர் மாற்றித் தரட்டும். வரிக் கணக்கில் கட்டணம் வாங்குவதால் சுருக்கி எழுதுகிறோம் என்று வக்கீல் ஒருவர் என்னிடம் சொன்னார். அப்படியானால் ஷையை விரித்து எழுதுவதால் கூடும் வரிகளுக்கு மட்டும் கட்டணம் வேண்டாம் என்று நீங்கள் அறிவிக்க முடியுமா என்று யோசித்துப் பாருங்கள்.

இப்படிக்கு,
உங்கள் வாசகர்,
கும்பகோணம்