அந்த எட்டு ஆண்டுகளுக்கு ஒரு மேடை

அன்புடையீர், வணக்கம்.

1772-இல் காளையார்கோவிலில் கணவர் முத்துவடுகநாதர் கொல்லப்பட்ட பிறகு, வேலு நாச்சியார் மகள் வெள்ளச்சியோடு திண்டுக்கல் பக்கம் விருப்பாச்சிக்குப் போனார். சிவகங்கையை மீட்டது 1780-இல். அந்த வெற்றியைப் பற்றி நிறையப் பேசிவிட்டோம். நடுவில் கிடந்த எட்டு ஆண்டுகளைத்தான் யாரும் தொடுவதில்லை. ஊரை இழந்த ஒரு பெண் ஹைதர் அலியிடம் உதவி கேட்டதும், படை திரட்டியதும், பொறுத்துக் கிடந்ததும் அப்போதுதான்.

எங்கள் குழுவின் சிலம்பக் கலைஞர் அதை ஒரு மணி நேர நிகழ்வாக ஆக்கியிருக்கிறார். வசனம் மிகக் குறைவு. தொடக்கத்தில் கம்பு அவருக்குச் சுமை, ஊன்றிக்கொண்டு நிற்பார். காலடி, அதாவது சிலம்பத்தில் கால் எடுத்துவைக்கும் முறை, ஒவ்வொன்றாகக் கூடக்கூட அது சுழலத் தொடங்கும். கடைசியில் பறை நின்றுபோய், வளைந்து சுழலும் சுருள்வாளின் ஓசை மட்டும் கேட்கும். ஒத்திகை பார்க்கப் போன நாங்கள் அந்த இடத்தில் அழுதுவிட்டோம்.

நிகழ்வு முடிந்ததும் கூட்டத்திலிருக்கும் பெண்பிள்ளைகளை அழைத்து, ஆளுக்கொரு கம்பு கொடுத்து நான்கு காலடி சொல்லித்தருவார். முதலில் ஒரு பள்ளியில் நடத்திப் பார்த்தோம். வந்த பிள்ளைகள் வாயைப் பொத்திச் சிரித்தார்கள், தரையையே பார்த்தார்கள். "கம்பைப் பாக்காதே, எதிர்ல நிக்கிறவங்க கண்ணைப் பாரு" என்றார். அரை மணி நேரம் போனபின் ஒரு பிள்ளை, "அக்கா, இன்னொரு தடவை" என்று அவர் முன்னாலேயே கம்பை உயர்த்தி நின்றாள். எங்களுக்கு அந்த அரை மணி நேரம் நிகழ்வைவிட முக்கியம்.

பொம்பளைப் பிள்ளைக்கு எதற்குக் கம்பு என்று இன்னமும் கேட்கிறார்கள். கேரளத்தின் வடகரையில் எழுபது வயதைத் தாண்டியும் களரி என்ற சண்டைக்கலையைச் சொல்லித்தந்த மீனாட்சி அம்மாவுக்கு 2017-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. சென்னையில் நடனக் கலைஞர் சந்திரலேகா 1985-லேயே ‘அங்கிகா’ என்ற நடன நிகழ்வில் பரதத்தோடு களரியை மேடையேற்றினார்.

சரி, பணத்துக்கு வருவோம். ஒன்பது ஊர்களில் கட்டணம் இல்லாமல் நடத்த நினைக்கிறோம். மொத்தச் செலவு 2,40,000 ரூபாய். எங்களுக்குள் 65,000 சேர்த்துவிட்டோம். இன்னும் 1,75,000 வேண்டும். பெரும்பங்கு பறைக் கலைஞர்களின் சம்பளமும் வண்டி வாடகையும். கலைஞர்களின் சம்பளத்தில் கை வைக்க மாட்டோம், பணம் குறைந்தால் ஊர்களைத்தான் குறைப்போம். அப்புறம் விளக்குகள், பிள்ளைகள் உயரத்துக்கு ஏற்ற கம்புகள். கற்றுக்கொள்கிறவர்கள் கையில் கம்பு உடையத்தான் செய்யும், அதனால் கூடுதலாகவே வாங்க வேண்டும்.

நூறு ரூபாயானாலும் குழுப் பொருளாளரிடம் கொடுத்து ரசீது வாங்கிக்கொள்ளுங்கள். ஒன்பது ஊரும் முடிந்த மாதத்திலேயே வரவு செலவை எல்லோருக்கும் காட்டுவோம். பணம் தர இயலாதவர்கள், உங்கள் ஊரில் கல் முள் இல்லாத மண்தரையும் மாலையில் வெளிச்சமும் உள்ள இடம் இருந்தால் சொல்லுங்கள். வெறுங்காலில்தான் ஆடுகிறோம்.

அன்புடன்,
நிகழ்வுக் குழுவினர்