கோரிக்கை மனு: போடி – மதுரை பாதையில் காலை நேர ரயில் வேண்டுதல்

உசிலம்பட்டி
05.02.2024

அனுப்புநர்:
ஓய்வுபெற்ற ஆசிரியர் மற்றும் உசிலம்பட்டி வட்டாரப் பொதுமக்கள்

பெறுநர்:
உயர்திரு கோட்ட ரயில்வே மேலாளர் அவர்கள்,
தெற்கு ரயில்வே, மதுரை

பொருள்: போடியிலிருந்து மதுரைக்குக் காலையில் பயணிகள் ரயில் இயக்கவும், உசிலம்பட்டியில் பார்சல் ஏற்றவும் வேண்டுதல் தொடர்பாக.

மதிப்பிற்குரிய அய்யா,

வணக்கம். எங்கள் ஊர் வழியாக முதன்முதலில் ரயில் ஓடியது 1928-ல். மலையிலிருந்து இறங்கும் ஏலக்காயும் மிளகும் மரமும் மதுரைக்கு வர வேண்டும் என்பதற்காகவே இந்தப் பாதை பிறந்தது. ஆட்கள் ஏறிக்கொண்டது அதற்குப் பிறகுதான் என்பது என் எண்ணம். இரண்டாம் உலகப் போரின்போது தண்டவாளத்தையே பெயர்த்து எடுத்துப் போனார்கள். ஐம்பதுகளில்தான் திரும்பப் போட்டார்கள். கரி இன்ஜின் ஆண்டிபட்டிக் கணவாய் ஏறும்போது மூச்சு வாங்கும், இளவட்டங்கள் குதித்து இறங்கி நடந்தே மேலே போய் ஏறிக்கொள்வார்கள் என்று என் தகப்பனார் சொல்வார். கொஞ்சம் கூட்டிச் சொல்லியிருக்கலாம்.

2010 கடைசியில் அகலப்பாதைப் பணிக்காக பழைய மீட்டர் கேஜ் (குறுகிய பாதை) வண்டி நின்றது. 2022 மே மாதம் தேனி வரையும், 2023 ஜூனில் போடி வரையும் ரயில் வந்தது. 90 கி.மீ. பாதைக்குப் பன்னிரண்டு வருடம் காத்திருந்தோம். வந்த அன்று மாலை போட்டு வரவேற்றவர்களில் நானும் ஒருவன். இது குறை சொல்லும் மனு அல்ல.

ஆனால் பயணிகள் வண்டி காலையில் மதுரையிலிருந்து போடிக்குப் போகிறது, மாலையில் போடியிலிருந்து மதுரைக்குத் திரும்புகிறது. எங்கள் சனங்கள் போகிற திசையோ இதற்கு நேர் எதிர். காலேஜுக்கும் ஆஸ்பத்திரிக்கும் கோர்ட்டுக்கும் ஜவுளிக்கடை வேலைக்கும் காலையில் மதுரைக்குத்தான் போகிறார்கள். பொழுது சாய்ந்தால் வீடு திரும்புகிறார்கள். அதனால் ஊருக்குள்ளேயே ஸ்டேஷன் இருந்தும், மதுரை ஆரப்பாளையம் பஸ் ஸ்டாண்ட் வரை பஸ்ஸில் நின்றுகொண்டே போகிறோம். வாரம் மூன்று நாள் ஓடும் சென்னை வண்டியும் போடியிலிருந்து இரவில்தான் கிளம்புகிறது. அதுவும் இதற்கு உதவாது.

ஆகவே போடியிலிருந்து விடியற்காலையில் புறப்பட்டு, தேனி, ஆண்டிபட்டி, உசிலம்பட்டி வழியாகக் காலை 8.30-க்குள் மதுரை சேரும்படியும், மாலை 6 மணிக்கு மேல் மதுரையிலிருந்து திரும்பும்படியும் முன்பதிவில்லா ரயில் ஒன்று இயக்க உத்தரவிடுமாறு பணிவுடன் வேண்டுகிறோம். அந்த வண்டியிலேயே ஒரு பார்சல் பெட்டி சேர்த்து, உசிலம்பட்டியில் சில நிமிடம் கூடுதலாக நிறுத்தினால், விடியலில் பறித்த மல்லிகை வாடுமுன் மதுரை மார்க்கெட்டுக்குப் போய்ச் சேரும். ஆண்டிபட்டி நெசவாளர்களின் சேலைக்கட்டுக்கும் அது போதும்.

இன்னொரு சிறு வேண்டுகோள். உசிலம்பட்டி ஸ்டேஷன் சுவரில் இந்தப் பாதையின் கதையைத் தமிழில் எழுதி ஒரு பலகை வைக்க அனுமதி தாருங்கள். எழுதித் தர நான் தயார். பலகைச் செலவை ஊர்க்காரர்கள் ஏற்றுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
(ஒப்பம்)

இணைப்பு: பொதுமக்கள் கையெழுத்துப் பட்டியல்