பெயிண்ட் பிரஷை வைத்துவிட்டேன்: ஒரு நன்றி மடல்

இந்த மாதத்தோடு பெயிண்ட் அடிக்கும் வேலையை விட்டுவிட்டேன். இனி நடிப்பில் வருகிற காசில்தான் குடும்பம் ஓட வேண்டும். இந்த இடம் வரைக்கும் என்னைத் தள்ளிக்கொண்டு வந்தவர்களுக்கு எல்லோர் முன்னாலும் நன்றி சொல்லிவிடுகிறேன். பெயர் போட்டால் கோபித்துக்கொள்வார்கள், அதனால் போடவில்லை.

1990இல் முல்லைத்தீவிலிருந்து படகேறி, மண்டபம் வழியாகக் கீழ்ப்புத்துப்பட்டு அகதிகள் முகாமுக்கு வந்தபோது நான் கைக்குழந்தை. முகாம் விழுப்புரம் மாவட்டம்; கிழக்குக் கடற்கரைச் சாலையில் கொஞ்சம் தெற்கே வந்தால் காலாப்பட்டு, புதுச்சேரி. முகாமில் பலரையும் போல நானும் பெயிண்ட் வேலைக்குத்தான் போனேன். முத்தியால்பேட்டை மேஸ்திரி அண்ணன், ஒத்திகை உள்ள நாளில் நாலு மணிக்கே "கைய கழுவிட்டுக் கிளம்புடா" என்பார். கூலியில் ஒரு ரூபாய் பிடித்ததில்லை.

காலாப்பட்டில் உள்ள புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தில், நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் பெயரில் நிகழ்கலைப் பள்ளி இருக்கிறது. அங்கே படித்த அண்ணன்கள் தங்கள் நாடகத்துக்குத் தட்டி வரைய என்னைக் கூப்பிட்டு, அப்படியே மேடையிலும் ஏற்றிவிட்டார்கள். முதல் நாடகத்துக்கு முன் கருவடிக்குப்பத்தில் சுவாமிகள் சமாதிக்கு அழைத்துப் போனார்கள். முகாமில் அதிகாரிகள் ஆள் கணக்கெடுக்கும் நாளில் நேரில் நின்றால்தான் எங்களுக்கு அரசு தரும் பணக்கொடை. அந்த நாளில் அவர்கள் ஒத்திகையே வைத்ததில்லை. 2021இல் அகதிகள் முகாம் 'மறுவாழ்வு முகாம்' ஆனது. கணக்கெடுப்பு அப்படியேதான் இருக்கிறது.

பண்ருட்டிப் பக்கத்துக் கூத்து வாத்தியாரைப் பற்றித்தான் அதிகம் சொல்ல வேண்டும். அடவு, அதாவது கூத்தின் ஆட்ட அசைவுகள், கற்க அவரிடம் போனேன். முதலில் வேடம் கட்ட விடவில்லை, பின்னால் நின்று சேர்ந்து பாடும் பின்பாட்டுக்கு நிறுத்தினார். திரௌபதி அம்மன் திருவிழாவில் விடிய விடியப் பாடித் தொண்டை கட்டிய பிறகுதான் கூத்தைத் தொடங்கிவைத்துக் கேலி பேசும் கட்டியங்காரன் வேடம் கிடைத்தது. ஒருநாள், "உங்க ஊர்ல கூத்து உண்டா?" என்று கேட்டார். அப்பாவிடம் கேட்டுப் பழகிய காத்தவராயன் கூத்துப் பாட்டைப் பாடிக் காட்டினேன். மிருதங்கக்காரரை எழுப்பி உட்கார வைத்து, திரும்பத் திரும்பப் பாடச் சொல்லிக் கேட்டார். அந்த மெட்டை இப்போது அவருடைய ஆட்கள் பாடுகிறார்கள். என்னிடமிருந்து ஒன்றை வாங்கிக்கொண்ட முதல் ஆள் அவர். கட்டணம் என்று ஒரு காசும் வாங்கவில்லை, அது வேறு விஷயம்.

பிரான்சில் நாடகம் போட எங்கள் குழுவுக்கு அழைப்பு வந்தபோது என்னால் போக முடியவில்லை. இத்தனை வருடம் இங்கே இருந்தும் என்னிடம் பாஸ்போர்ட் கிடையாது. அகதியாகப் பிரான்சுக்குப் போன ஷோபாசக்தி நடித்த படம் 2015இல் கான் திரைப்பட விழாவில் முதல் பரிசான தங்கப் பனை வாங்கியதைச் சொல்லிச் சொல்லி முகாமில் என்னைக் கிண்டல் செய்தவர்கள், அன்றைக்கு ஒரு வார்த்தை பேசவில்லை. அதற்கும் நன்றி. என் வேடத்தில் நடித்த தம்பி திரும்பி வந்ததும் தன் சம்பளத்தில் பாதியைக் கொண்டுவந்து என் பெரியம்மா கையில் கொடுத்துவிட்டுப் போனான். நான் வேண்டாம் என்றேன். பெரியம்மா வாங்கிக்கொண்டார்.

மேஸ்திரி அண்ணே, உங்கள் ஏணி இன்னும் எங்கள் வீட்டுப் பின்னால்தான் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை கொண்டுவந்து தருகிறேன்.