பாட்டியின் சென்னை நினைவுகள்: பதிவு செய்ய வாருங்கள்

எல்லோருக்கும் வணக்கம்.

திருவல்லிக்கேணிப் பாட்டி சொல்வதையெல்லாம் குரல் பதிவாகச் சேர்க்கத் தொடங்கியிருக்கிறோம். இதை இனியும் தள்ளிப்போடக் கூடாது. சென்னையில் டிராம் ஓடியதைக் கண்ணால் பார்த்தவர் நம் வீட்டில் இப்போது பாட்டி மட்டும்தான். 1953-ல் அது நின்றபோது அவர் பள்ளிச் சிறுமி. டிராமின் மணிச் சத்தத்தை வாயாலேயே செய்து காட்டுகிறார், கேட்கவே அவ்வளவு ஆசையாக இருக்கிறது! 1985-ல் எரிந்துபோன மூர் மார்க்கெட்டில் தாத்தாவோடு பழைய புத்தகம் தேடிய கதைதான் இன்னும் பாதியில் நிற்கிறது. பெரியண்ணன் வந்து கேட்டால் முழுதாகச் சொல்வார் என்று தோன்றுகிறது, என்னிடம் சுருக்கிவிடுகிறார்.

முழங்கால் வலியால் பார்த்தசாரதி கோயில் வரை நடப்பதில்லை. காலையில் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, பூக்காரம்மாவிடம் ஒரு முழம் வாங்கி, தெருவில் போகிறவர்களை விசாரிப்பதுதான் இப்போதைய வழக்கம். மதியம் தூங்குவார். அதனால் நான்கு மணிக்கு மேல் வாருங்கள்.

வரும்போது பழைய படம் ஒன்று கொண்டுவந்தால் போதும், பேச்சு தானாக வரும். டிவியை அணைத்துவிடுங்கள். வருடம் மாறிச் சொன்னால் நடுவில் திருத்த வேண்டாம், அதோடு பேச்சு நின்றுவிடுகிறது. அப்புறம், பதிவுகளை இந்தக் குழுவில் மட்டும் போடுங்கள். வெளியே அனுப்ப வேண்டாம் என்று பாட்டியே கேட்டுக்கொண்டார்.

இந்த ஞாயிறு யார் வருகிறீர்கள்? இங்கேயே சொல்லுங்கள்.