கைபேசி இருக்கட்டும்

அன்பு நண்பருக்கு,

வணக்கம். உங்கள் கடிதம் கிடைத்தது. படப்பிடிப்பு முடிந்து படத்தொகுப்பைத் தொடங்கிவிட்டீர்கள் என்பதில் மகிழ்ச்சி. நானும் இங்கே ஒரு படத்தின் தொகுப்பில்தான் மூழ்கியிருக்கிறேன். கண் எரிச்சலைத் தவிரக் குறை ஒன்றுமில்லை.

ஒரு சமூகத்தின் மரபைப் பற்றிய உங்கள் ஆவணப்படத்தில், சடங்கின் நடுவே ஒருவர் கைபேசியில் பேசும் காட்சியை நீக்கிவிடலாமா என்று கேட்டிருந்தீர்கள். நீக்க வேண்டாம். 1922இல் வெளிவந்த 'நானூக் ஆஃப் தி நார்த்' படத்துக்காக அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி, துப்பாக்கிக்குப் பழகிவிட்டிருந்த வடதுருவப் பகுதியின் இனுயிட் மக்களை மீண்டும் ஈட்டியைக் கையிலெடுக்க வைத்தார். உள்ளே வெளிச்சம் போதாதென்று ஒரு பக்கம் திறந்த பனிவீட்டைக் கட்டச்செய்து படம்பிடித்தார். அக்காலக் கருவிகளை நினைத்தால் பனிவீட்டை மன்னித்துவிடலாம். ஈட்டியை மன்னிக்கத்தான் எனக்கு மனம் வரவில்லை. அந்த மக்களும் தம் காலத்தோடு மாறிக்கொண்டிருந்தார்கள் என்பதையே அது பார்வையாளரிடமிருந்து மறைத்துவிட்டது. ஆனால் எடுத்த காட்சிகளை அங்கேயே அவர்களுக்குத் திரையிட்டுக் காட்டியவரும் அதே ஃபிளாஹெர்ட்டிதான் என்பதையும் சொல்லியாக வேண்டும்.

அந்த வழக்கத்தை பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநர் ழான் ரூஷ் இன்னும் முன்னெடுத்துச் சென்றார். சமூகவியலாளர் எட்கர் மோரினுடன் சேர்ந்து அவர் 1961இல் வெளியிட்ட படத்தில், பங்கேற்றவர்களுக்கே காட்சிகளைப் போட்டுக்காட்டி, அவர்கள் அதைப் பற்றி வாதிட்டதையும் படத்துக்குள் சேர்த்துக்கொண்டார். உங்கள் முதல் தொகுப்பையும் அந்தச் சமூகத்தாருக்குத் திரையிட்டுக் காட்டுங்கள். ஆனால் யாருக்குக் காட்டுவது என்பதில்தான் சிக்கல் இருக்கிறது. கேமராவின் முன் தயங்காமல் வந்து அமர்பவர்கள் பெரும்பாலும் மூத்த ஆண்கள். அவர்கள் சொல்வதையே சமூகத்தின் குரலாக நாம் பதிவுசெய்து திரும்பிவிடுகிறோம். முந்தைய இரவெல்லாம் விழித்து ஏற்பாடுகளைச் செய்த பெண்களும், அந்த மரபில் பாதியை விட்டுவிட நினைக்கும் இளைஞர்களும் அதே சடங்கை வேறு விதமாகச் சொல்லக்கூடும். ஆகவே அவர்களுக்குத் தனித்தனியே திரையிடுங்கள், ஏனெனில் பெரியவர்கள் இருக்கும் அவையில் மற்றவர்கள் வாய்திறக்க மாட்டார்கள். வெளியாருக்குக் காட்டக் கூடாதது என்று யாரேனும் ஒரு காட்சியைச் சுட்டினால், முன்பே ஒப்புதல் வாங்கிவிட்டோமே என்று வாதிடாமல் எடுத்துவிடுங்கள். படமாக்கச் சம்மதித்தவருக்குத் திரையில் அது எப்படித் தெரியும் என்பது அப்போது தெரிந்திருக்காது.

இதற்கெல்லாம் காலம் பிடிக்கும், தயாரிப்பாளர் முகம் சுளிப்பார். அவரை நீங்கள்தான் சமாளிக்க வேண்டும். பின்னணிக் குரல் சேர்ப்பதற்கு முன்பே ஒரு பிரதியை எனக்கு அனுப்பிவையுங்கள். விளக்கம் எதுவுமின்றி அந்தக் காட்சிகளைப் பார்க்க விரும்புகிறேன்.

அன்புடன்,
உங்கள் நண்பன்